மண்டப வாசலில் கிளம்ப மறுத்த ட்ரோன்

பல்லாவரத்திலிருந்து ஒரு வாசகர் கேட்டிருக்கிறார்: "மகள் கல்யாணத்துக்குப் படமெடுக்க வந்த தம்பியின் ட்ரோன், மண்டப வாசலில் கிளம்பவே மறுத்துவிட்டது. யாராவது சிக்னலைத் தடுக்கும் ஜாமர் வைத்திருப்பார்களோ?"

ஜாமரெல்லாம் தேவையில்லை. பல்லாவரம் மீனம்பாக்கம் விமான நிலையத்தை ஒட்டிய ஊர். 2021 ட்ரோன் விதிகள் நம் வான்வெளியைப் பச்சை, மஞ்சள், சிவப்பு எனப் பிரிக்கின்றன. பச்சையில் 400 அடி வரை முன் அனுமதி வேண்டாம். மஞ்சளுக்கு விமானப் போக்குவரத்துக் கட்டுப்பாட்டு அலுவலகத்தின் அனுமதி வேண்டும், சிவப்புக்கு மத்திய அரசின் அனுமதி. விமான நிலைய எல்லையிலிருந்து 8 முதல் 12 கிலோமீட்டர் வரை, பச்சையின் உயரம் 200 அடியோடு முடிந்துவிடும்.

இது சட்டம். ட்ரோனைத் தரையில் நிறுத்தியது அதற்குள் இருக்கும் மென்பொருள். தான் நிற்கும் இடத்தின் அட்சரேகை, தீர்க்கரேகையை ஜிபிஎஸ் மூலம் அது தெரிந்துகொள்கிறது. தடைப்பகுதிகளின் எல்லைகளும் அதன் நினைவகத்தில் உண்டு. சரி, அந்த எல்லைக்கு உள்ளே இருக்கிறோமா, வெளியே இருக்கிறோமா என்று எப்படிக் கண்டுபிடிப்பது? வட்டம் என்றால் மையத்திலிருந்து தூரத்தை அளந்தால் போதும். ஆனால் ஓடுபாதையைச் சுற்றிய எல்லை பல மூலைகளோடு கோணல்மாணலாக இருக்கும்.

இதற்கான வழிகளில் ஒன்று என்னை இன்றும் வியக்க வைக்கிறது. வேலி போட்ட ஒரு தோப்பை நினைத்துக்கொள்ளுங்கள். வேலி எப்படி வேண்டுமானாலும் வளைந்து நெளியட்டும். நீங்கள் நிற்கும் இடத்திலிருந்து கிழக்கே நேராக வெகுதூரம் நடந்து, அந்த வேலியை எத்தனை முறை தாண்டினீர்கள் என்று மட்டும் எண்ணுங்கள். ஒற்றைப்படை என்றால் உள்ளே இருந்து கிளம்பியிருக்கிறீர்கள். இரட்டைப்படை என்றால் வெளியே இருந்து. ஏனென்றால் ஒவ்வொரு தாண்டலிலும் உள்ளே வெளியேயாகிறது, வெளியே உள்ளேயாகிறது. கடைசியில் வந்து நிற்கும் இடம் நிச்சயம் வெளியே. அங்கிருந்து பின்னோக்கி எண்ணிப் பாருங்கள், புரிந்துவிடும். நூறு மூலை இருந்தாலும் இதே கணக்குதான். சின்னஞ்சிறு சில்லு இதை நொடிக்குப் பலமுறை போட்டுவிடும். ஒற்றை, இரட்டை சொல்லித் தரும் ஆறாம் வகுப்பிலேயே இதையும் சொல்லித் தரலாம் என்பது என் ஆசை.

அப்புறம் ஒரு விஷயம். ட்ரோனுக்குள் இருப்பது தயாரித்த நிறுவனம் ஏற்றிய வரைபடம். அரசின் வரைபடத்தோடு அது பொருந்தாமல் போகலாம். காவல்துறை ஒரு பகுதியை 96 மணி நேரம் வரை தற்காலிகச் சிவப்பு மண்டலமாக்க முடியும். அது ட்ரோனுக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்பதில்லை. ட்ரோன் தயாரிக்கும் டிஜேஐ நிறுவனம், அமெரிக்காவில் 2025 ஜனவரியில் கிளம்ப விடாமல் தடுக்கும் இந்த மென்பொருள் பூட்டையே எடுத்துவிட்டு, எச்சரிக்கை மட்டும் காட்டத் தொடங்கியது. விமானம் இறங்கும் பாதையில் எச்சரிக்கை போதும் என்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

அதனால், அடுத்த கல்யாணத்துக்கு ட்ரோனுக்கு ஏற்பாடு செய்வதற்கு முன், அரசின் டிஜிட்டல் ஸ்கை இணையதளத்தில் மண்டபம் எந்த நிறத்தில் விழுகிறது என்று பாருங்கள்.