நட்டத்தைச் சொல்லாத ஊரில் காணி விலை

திருகோணமலையில் ஒரு நொத்தாரிசின் மேசைக்குக் காணி உறுதி எழுத வருகிறவர்கள், விலையை முடிவு செய்துவிட்டுத்தான் வருகிறார்கள். அந்த விலை எங்கே முடிவானது என்று விசாரித்தால், கலியாண வீட்டில், கோயில் திருவிழாவில், கனடாவிலிருந்தோ கட்டாரிலிருந்தோ வந்த ஒரு தொலைபேசி அழைப்பில் என்று பதில் வரும். "சேர், என்ர மச்சான் போன வருசம் நிலாவெளியில வாங்கினவர், இப்ப ரெண்டு மடங்கு கேக்கிறாங்கள்" என்பது என் அலுவலகத்தில் அடிக்கடி கேட்கும் வாக்கியம். மச்சான் அந்தக் காணியை விற்றுவிட்டாரா என்று நான் திரும்பக் கேட்பேன். பெரும்பாலும் விற்றிருக்க மாட்டார்.

உண்மைப் பெறுமதியைத் தாண்டி விலை ஊதிப் பெருகும் விலைக் குமிழி பேராசையால் உருவாகிறது என்று பொதுவாகச் சொல்லப்படுகிறது. என் அனுபவத்தில் அது பாதி உண்மைதான். முன்பின் தெரியாதவரின் பேச்சை நம்பிச் சேமிப்பைக் கொட்டுகிறவர்கள் குறைவு. தனக்கு நெருங்கியவர், தன்னைப் போலவே உழைத்தவர், திடீரென்று முன்னேறிவிட்டதைக் கண்ணால் கண்ட பிறகுதான் நிதானமானவர்கள்கூடத் தடுமாறுகிறார்கள்.

ஒவ்வொரு விலையேற்றத்துக்கும் தொடக்கத்தில் ஓர் உண்மையான காரணம் இருக்கும். 2009 மே மாதம் போர் முடிந்தது. அதே ஆண்டு ஒக்டோபரில் கிண்ணியாப் பாலம் திறக்கப்பட்டு, படகுப் பாதையை நம்பியிருந்த மக்கள் வாகனத்திலேயே கடக்கத் தொடங்கினார்கள். உப்புவெளிக்கும் நிலாவெளிக்கும் சுற்றுலாப் பயணிகள் வந்தார்கள், விடுதிகள் எழுந்தன. இவையெல்லாம் நிலத்தின் பயனை உயர்த்தும் மாற்றங்கள். விலை ஏறியது நியாயமே. ஆனால் ஒரு கட்டத்தில், பயன் கூடியதால் வாங்கியவர்களின் இடத்தில், விலை ஏறியதால் வாங்குகிறவர்கள் வந்து நிற்கிறார்கள். இந்த மாற்றம் எந்த நாளில் நடந்தது என்று யாராலும் சொல்ல முடியாது.

அறிவிப்புகள் இதற்கு மேலும் உரமூட்டுகின்றன. 2022 ஜனவரியில் திருகோணமலை எண்ணெய்த் தாங்கிகளை இந்தியாவுடன் சேர்ந்து அபிவிருத்தி செய்யும் ஒப்பந்தம் கைச்சாத்தானது. 2025 ஏப்ரலில் திருகோணமலையை எரிசக்தி மையமாக்கும் புரிந்துணர்வு உடன்படிக்கை வந்தது. இத்தகைய செய்தியை மட்டும் நம்பிக் காணி வாங்க வருபவருக்கு நான் சம்பூரை நினைவூட்டுவேன்: இந்தியாவுடன் சேர்ந்து அங்கே அமைக்கவிருந்த நிலக்கரி மின்னிலையம், பல ஆண்டுப் பேச்சுக்கும் ஒப்பந்தங்களுக்கும் பிறகு 2016இல் கைவிடப்பட்டது.

கொழும்புப் பங்குச் சந்தையின் வரலாறும் இதே பாதையில்தான் சென்றது. 2008 இறுதியில் ஏறத்தாழ 1,500 ஆக இருந்த அனைத்துப் பங்கு விலைச் சுட்டெண், போர் முடிந்த நம்பிக்கையில் ஏறத் தொடங்கி, 2011 பெப்ரவரியில் 7,800 அளவைத் தொட்டது. பிறகு சரிந்து, 2012 நடுப்பகுதியில் 5,000க்கும் கீழே போனது. பத்து ஆண்டுகள் கழித்து, 2022 ஜனவரியில் 13,000ஐத் தாண்டிய அதே சுட்டெண், வெளிநாட்டுக் கடனைத் திருப்பிச் செலுத்துவதை நாடு நிறுத்தி, சந்தையையே ஒரு வாரம் மூட நேர்ந்த அந்த ஏப்ரலின் முடிவில் 8,000க்குக் கீழே நின்றது. இரண்டாம் ஏற்றத்தில் நுழைந்த இளைஞர்கள் சிலருடன் பேசியிருக்கிறேன். முதல் சரிவில் காசை இழந்தவர் தங்கள் சொந்தக் குடும்பத்திலேயே இருந்தார் என்பது அவர்களில் சிலருக்குப் பின்னர்தான் தெரிந்தது. என்னை மிகவும் உறுத்துவது இதுதான்.

2002இல் பொருளியலுக்கான நோபல் பரிசு பெற்ற வெர்னன் ஸ்மித், இதை விளங்கிக்கொள்ள உதவும் ஒரு சோதனையைத் தன் சகாக்களுடன் செய்து 1988இல் வெளியிட்டார். பங்கேற்பாளர்களிடம் ஒரு பங்கைக் கொடுத்து, அது ஒவ்வொரு சுற்றிலும் சராசரியாக எவ்வளவு இலாபம் தரும், எத்தனை சுற்றுகளோடு முடியும் என்பதை முன்கூட்டியே சொல்லிவிட்டார்கள். ஆகவே பங்கின் பெறுமதியை எவரும் கணக்கிட்டுக்கொள்ளலாம்; மறைவாக எதுவும் இல்லை. அப்படியிருந்தும் விலை பெறுமதியைத் தாண்டி வெகுதூரம் ஏறி, இறுதிச் சுற்றுகளை நெருங்கும்போது வீழ்ந்தது. தனக்கு உண்மை தெரிந்திருந்தாலும், தன்னிடமிருந்து இன்னும் கூடிய விலைக்கு வாங்க இன்னொருவர் இருப்பார் என்று ஒவ்வொருவரும் நினைத்தால் போதும். ஆனால் அதே ஆட்களைத் திரும்ப அழைத்து இரண்டாம், மூன்றாம் முறை விளையாட வைத்தபோது குமிழி சுருங்கி, விலை பெறுமதியை ஒட்டியே நகர்ந்தது. கூடி நட்டப்பட்ட அனுபவமே அவர்களுக்குப் புத்தி புகட்டியது.

நம் ஊரில் அந்த அனுபவம் கைமாறுவதில்லை. இலாபம் கண்டவர் வீட்டுக்கு மதில் கட்டுகிறார், வாகனம் வாங்குகிறார், ஊரே பார்க்கிறது. நட்டப்பட்டவரோ தாலிக்கொடியை அடகு வைத்ததையும், மகளுக்கென்று வைத்திருந்த நிலையான வைப்பை உடைத்ததையும் மனைவியிடம்கூடச் சொல்லாமல் மறைக்கிறார். ஓய்வு பெறும்போது கிடைத்த பணிக்கொடை முழுவதையும் ஒரு கடற்கரைத் துண்டில் போட்டுவிட்டு, அதை வாங்க ஆளின்றி ஆண்டுக்கணக்கில் தவிக்கும் ஒருவர், உறவினர் விசாரித்தால் "நல்ல விலை வரட்டும் எண்டு வச்சிருக்கிறன்" என்றுதான் சொல்கிறார். அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது. ஏமாந்தவரை இரக்கத்தோடு பார்க்காமல் அவரது அறிவைப் பழிக்கும் வழக்கம் நம்மிடம் இருக்கும்வரை, அவர் எப்படி வாய் திறப்பார்? 1720இல் இலண்டனில் தென்கடல் கம்பனியின் பங்குகள் நூற்றுச் சொச்சம் பவுணிலிருந்து ஆயிரத்தை நெருங்கி, ஆண்டு முடிவதற்குள் இருநூறுக்குக் கீழே வீழ்ந்தபோது பெரும் பணத்தை இழந்தவர்களில் ஐசக் நியூட்டனும் ஒருவர். முதலில் இலாபத்தோடு விற்று வெளியேறியவர், மற்றவர்கள் மேலும் சம்பாதிப்பதைக் கண்டு உச்ச விலையில் திரும்ப நுழைந்தார். அறிவின்மை இதற்குக் காரணம் என்று யாரும் சொல்ல முடியாது.

காணிச் சந்தையில் இந்த மௌனத்துக்குத் துணையாக இன்னொன்றும் இருக்கிறது. விற்பனை உறுதிக்கு முத்திரைத் தீர்வை முதல் ஓர் இலட்சத்துக்கு 3 சதவீதம், மீதிக்கு 4 சதவீதம். அதைக் குறைப்பதற்காக, கைமாறிய தொகையை விடக் குறைந்த தொகையை உறுதியில் எழுதும் வழக்கம் பரவலாக உள்ளது. இது சட்டத்துக்கு மாறானது. அத்துடன், அயல் காணி உண்மையில் என்ன விலைக்குப் போனது என்பதை அறிய நம்பகமான பதிவு இல்லாமல் போகிறது. அந்த வெற்றிடத்தைத் தரகரின் வாய்ப்பேச்சு நிரப்புகிறது. பின்னாளில் உறுதியில் பிழை கண்டு வழக்குப் போட நேர்ந்தால், எழுதிய தொகைக்கு மேல் கொடுத்ததை நிரூபிப்பதும் பெரும் பாடு.

ஆகவே முற்பணம் கொடுப்பதற்கு முன் இரண்டு வேலைகளைச் செய்யுங்கள். முதலாவது, கணக்கு. ஒரு பேர்ச் ஐந்து இலட்சம் வீதம் இருபது பேர்ச் காணி ஒரு கோடி ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். அதை வாடகைக்குக் கொடுத்தால் மாதம் முப்பதாயிரம் கிடைக்குமென்றால், ஆண்டு வருமானம் 3.6 சதவீதம் மட்டுமே. அதே பணம் வங்கியில் 8 சதவீத வட்டி தருமானால், இந்த இடைவெளியை நிரப்ப வேண்டியவர் உங்களுக்குப் பின் வரப்போகும் வாங்குநர். அவர் யார், எங்கிருந்து அவ்வளவு பணம் கொண்டு வருவார் என்பதற்கு உங்களிடம் பதில் இல்லையென்றால், நீங்கள் காணியை அல்ல, அவர் வருவார் என்ற நம்பிக்கையைத்தான் வாங்குகிறீர்கள்.

இரண்டாவது, பத்திரம். நம் மாவட்டத்தில் பெர்மிட் காணிகள், அதாவது அரசு அனுமதிப் பத்திரத்தின் மேல் வழங்கிய காணிகள், ஏராளம். 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வழங்கப்பட்ட பெர்மிட் காணியை, பிரதேச செயலாளரின் எழுத்துமூல அனுமதியின்றிக் கைமாற்றினால் அது செல்லாது. அற்றோணித் தத்துவமோ வெள்ளைத்தாளில் எழுதிய உடன்படிக்கையோ அதைச் சரிசெய்யாது. கடற்கரைக் காணி என்றால், உயர் நீர்மட்டக் கோட்டிலிருந்து தரைப்பக்கமாக 300 மீற்றர் வரை கரையோர வலயம் என்பதால், கட்டடம் எழுப்பக் கரையோரம் பேணல் திணைக்களத்தின் அனுமதி வேண்டும். கட்ட முடியாத காணிக்குக் கட்டக்கூடிய காணியின் விலையைக் கொடுத்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

ஆள் சேர்த்தால் காசு என்று வட்ஸ்அப்பில் வரும் திட்டங்களைப் பற்றி நீட்டி எழுத எதுவும் இல்லை: 1988ஆம் ஆண்டின் வங்கித் தொழில் சட்டத்தின் 83இ பிரிவு பிரமிட் திட்டங்களைத் தடை செய்கிறது, சேர்த்துவிடுபவரும் குற்றவாளியே. உரிமம் பெற்ற வங்கியிலும் நிதிக் கம்பனியிலும்கூட வைப்புக் காப்புறுதி ஒருவருக்கு ஒரு நிறுவனத்தில் 11 இலட்சம் ரூபாய் வரைக்கும்தான். உரிமம் உண்டா இல்லையா என்பதை அறிய கொழும்புக்குப் போகத் தேவையில்லை. மத்திய வங்கியின் பிராந்திய அலுவலகம் திருகோணமலையிலேயே இருக்கிறது.

ஏற்கெனவே நட்டப்பட்டவர்களிடம் எனக்கு ஒரு வேண்டுகோள் உண்டு. ஊருக்கு அறிவிக்க வேண்டியதில்லை. உங்கள் தம்பி முற்பணத்தோடு புறப்படும்போது, நீங்கள் என்ன விலைக்கு வாங்கினீர்கள், இன்று எவ்வளவுக்குக் கேட்கிறார்கள் என்பதை மட்டும் அவருக்குச் சொல்லுங்கள்.