பருத்தித்துறை பஸ்ஸிலும் கேட்க வேண்டிய பாட்டு

யாழ்ப்பாணத்து இசைக்குழு ஒன்று புதுப் பாட்டு வெளியிட்டால், அதை நல்ல ஸ்பீக்கரில் கேட்பவர் அநேகமாக ஒலிக்கலவை செய்தவர் ஒருவர்தான். மற்றவர்கள் போனில் கேட்பார்கள், பருத்தித்துறை பஸ்ஸில் எஞ்சின் இரைச்சலுக்கு மேலால் கேட்பார்கள், திருவிழா வீதியில் குழாய் ஒலிபெருக்கியில் கேட்பார்கள். மெட்டும் வரிகளும் எவ்வளவு நல்லதாக இருந்தாலும், இந்த மூன்று இடத்திலும் என்ன மிஞ்சுகிறது என்பதில்தான் பாட்டு பிடிபடுவதும் விடுபடுவதும் பெரும்பாலும் தங்கியிருக்கிறது.

ஒலிப்பதிவு நடப்பது பெரும்பாலும் வீட்டு அறையில்: சீமெந்துத் தரை, பூசிய கல் சுவர். எதிரெதிர்ச் சுவர்களுக்கு இடையே 10 அடி (3.05 மீற்றர்) என்று வைப்போம். 30 பாகை வெப்பத்தில் ஒலி செக்கனுக்கு ஏறத்தாழ 349 மீற்றர் ஓடும். அதை அறை நீளத்தின் இருமடங்கால் வகுத்தால் 57 ஹேர்ட்ஸ் வரும். அந்த அதிர்வெண் சுவரோரம் வீங்கும், அறையின் நட்டநடுவில் காணாமற்போகும். நடுவில் கதிரை போட்டுக் கலவை செய்பவர் பேஸ் போதவில்லை என்று நினைத்துக் கூட்டிக்கொண்டே போவார். வெளியே போட்டால் பாட்டு உறுமும். கதிரையை நடுவிலிருந்து இரண்டடி முன்னே தள்ளுவதற்குச் செலவில்லை. முட்டை மட்டையைச் சுவர் முழுக்க ஒட்டுவது வீண் வேலை, அது மேல் சுரங்களைக் கொஞ்சம் மழுக்கும், கீழ் சுரங்களைத் தொடவே தொடாது. தடித்த போர்வையைப் பாடகரின் முதுகுப்பக்கச் சுவரிலிருந்து 10 செ.மீ. விலக்கித் தொங்கவிடுவது நல்லது. மைக் பாடகரைப் பார்த்து நிற்பதால், அவருக்குப் பின்னாலிருந்து தெறித்து வரும் ஒலிதான் அதற்குள் நேரே விழும்.

மைக்குக்கும் வாய்க்கும் இடையே ஒரு சாண், 15 முதல் 20 செ.மீ. வரை. கிட்டப் போகப் போகக் குரலின் அடிப்பகுதி தடிக்கும். எட்டப் போனால் அறை கேட்கும். உச்ச அளவு (பதிவின் மேல் எல்லை 0) −10 டெசிபெலுக்கு மேல் ஏறாமல் 24 பிட்டில் பதிந்தால் போதும். மேலே முட்டி வெட்டுப்பட்ட குரலைப் பிறகு எந்த மென்பொருளும் முழுதாகத் திருப்பித் தராது. 50 ஹேர்ட்ஸில் ‘உம்’ என்று ஓர் இரைச்சல் வந்தால், அது நம் மின்சாரத்தின் அதிர்வெண். முதலில் லப்டொப் சார்ஜரைக் கழற்றிப் பாருங்கள். நின்றால் குற்றம் எர்த் இணைப்பில்.

பொப் பாட்டுக்குள் தவிலும் நாதஸ்வரமும் வரும்போதுதான் வேலை சுவைக்கத் தொடங்குகிறது. தவில், நாதஸ்வரக் கலைஞர்களின் ஊர்களான இணுவிலும் அளவெட்டியும் பக்கத்தில் இருக்கையில் கணினித் தவிலைப் போடுவது இந்த ஊருக்கு அழகில்லை. தவிலுக்கு இரண்டு முகம், ஆகவே இரண்டு மைக். வலந்தலையை (வலப்பக்க முகத்தை) அடித்ததும் அந்தத் தோல் உள்ளே போகும். உள்ளிருக்கும் காற்றுத் தள்ளி மற்றத் தோல் வெளியே வரும். அதாவது ஒரு மைக் இழுபடும் அதே நேரம் மற்றது தள்ளப்படும். இரண்டையும் அப்படியே கூட்டினால் கீழ் அதிர்வெண்கள் ஒன்றையொன்று தின்றுவிடும், அடி சத்தாக இருந்தும் பதிவு தகரம் போல ஒலிக்கும். ஒரு மைக்கின் துருவத்தைத் திருப்பும் பொத்தானை அமத்திப் பார்த்து, எந்த நிலையில் அடி பருமனாகக் கேட்கிறதோ அதில் விட வேண்டும். மார்கழி மழைக்கால ஈரத்தில் தோல் தளர்வதால் ஒரே நாளில் பதிந்து முடிப்பதே புத்தி. நாதஸ்வரத்துக்கு வேறு பிரச்சினை: குழலுக்குள் காற்றுச் சூடு ஒரு பாகை ஏறினால் சுருதி 3 சென்ட் அளவு ஏறும் (அரைச்சுரத்துக்கு 100 சென்ட்). வெளிச் சூட்டில் சரியாக இருந்த வாத்தியம் ஏசி அறைக்குள் இறங்கி நிற்கும். ஊதுபவரின் மூச்சு அதில் ஒரு பகுதியை ஈடுசெய்யும். அவர் பத்து நிமிடம் ஊதிச் சூடாக்கிய பின்னரே கீபோர்ட்டின் சுருதியை அவருக்கு ஏற்பத் திருத்துங்கள். அவரைக் கீபோர்ட்டுக்கு இழுக்காதீர்கள்.

பாடகரின் ஹெட்போனுக்குள் அவருடைய குரல் பிந்திக் கேட்டால் தாளம் இழுபடும். மென்பொருளில் பஃபர் (ஒரு தடவையில் சேர்த்துவைத்துக் கையாளும் ஒலி மாதிரிகளின் எண்ணிக்கை) 1024 என்றிருந்தால் 48 கிலோஹேர்ட்ஸில் ஒரு வழிக்கே 21 மில்லிசெக்கன் தாமதம். 128 ஆக்கினால் 3க்கும் குறைவு. பாடும்போது குறைப்பது, கலவையின்போது கூட்டுவது.

இனிக் கலவை. போன் ஸ்பீக்கர் ஏறத்தாழ 300 ஹேர்ட்ஸுக்குக் கீழே ஊமை. பேஸ் கிற்றாரின் அடி நரம்பு 41 ஹேர்ட்ஸ். அப்படியிருந்தும் சில பாட்டுகளில் போனிலும் பேஸ் கேட்பது போலிருக்கும், அதற்குக் காரணம் நம் மூளை. 41இன் மடங்குகளான 328, 369, 410 காதில் விழுந்தால், இல்லாத அடிச்சுரத்தை மூளையே ஊகித்து நிரப்பிவிடும். எனவே பேஸுக்குச் சிறிது திரிபு (டிஸ்டோர்ஷன்) சேர்த்து அந்த மேல்மடங்குகளை உண்டாக்குவார்கள். வெறும் அளவைக் கூட்டினால் போனில் ஒன்றும் மாறாது, காரில் கதவு அதிரும்.

பஸ்ஸுக்கும் கோயில் வீதிக்கும் இன்னொரு சோதனை. அங்கே இடது வலது இரண்டும் பெரும்பாலும் ஒன்றாக்கப்பட்டே வரும். குரலை அகலமாக்கும் சில எஃபெக்ட்டுகள் ஒரு பக்கத்தை மறுபக்கத்துக்கு எதிராகத் திருப்பிவைப்பவை. ஒன்றாகக் கூட்டினால் கோரஸ் குரல்கள் மறைந்துபோகும். இரண்டு பக்கத்தையும் ஒன்றாக்கும் மோனோ பொத்தானை அமத்தி, மிகச் சின்னச் சத்தத்தில், மின்விசிறியை முழு வேகத்தில் சுற்றவிட்டு ஒருதரம் கேளுங்கள். பல்லவியின் சொற்கள் அப்போதும் விளங்க வேண்டும். விளங்காவிட்டால் குரலைக் கூட்ட முன்னர், 2 முதல் 4 கிலோஹேர்ட்ஸில் அதன் வழியை மறிக்கும் கிற்றாரையும் கீபோர்ட்டையும் 2–3 டெசிபெல் குறையுங்கள். நம் காது மிகக் கூர்மையாக இருப்பதும் மெய்யெழுத்துகள் தெளிவுபடுவதும் அந்தப் பட்டையில்தான்.

சத்தத்தை நெரித்து நெரித்து உரக்கச் செய்வதில் இன்று ஆதாயம் இல்லை. ஸ்பொட்டிஃபை சாதாரணமாக −14 எல்யுஎஃப்எஸ் (காதுக்குத் தெரியும் சராசரிச் சத்தத்தின் அலகு) அளவுக்கு எல்லாப் பாட்டையும் சமப்படுத்துகிறது. யூடியூப்பும் மிகையான சத்தத்தை இறக்கிவிடும். மிஞ்சுவது நெரிபட்ட தவில் மட்டும். உச்சத்தை −1 டெசிபெலில் நிறுத்துங்கள், சுருக்கிய கோப்பாக மாறும்போது உச்சங்கள் இன்னும் கொஞ்சம் ஏறும்.

வெளியிட்ட பிறகு நடப்பதற்கும் பொறிமுறை உண்டு. ஸ்பொட்டிஃபையில் 30 செக்கன் தாண்டினால்தான் ஒரு கேட்பாகக் கணக்கு. நீண்ட ஆலாபனையோடு தொடங்கும் பாட்டு அதற்குள் பலரை இழந்துவிடும். இந்தக் கணக்குக்காகவே ஆலாபனையை வெட்டுவது எனக்கு உவப்பில்லை, ஆனால் முதல் 10 செக்கனுக்குள் ஏதாவது ஒன்று காதைப் பிடிக்கத்தான் வேண்டும். பழகப் பழகப் பிடிக்கும் என்பதை 1968இல் உளவியலாளர் ரொபேர்ட் சயொன்க் பரிசோதனையில் காட்டினார். அளவுக்கு மேல் கேட்டால் அதே பாட்டு சலிக்கும் என்பதும் தெரிந்ததே.

மற்றவர்கள் கேட்கிறார்கள் என்பதே இன்னொரு பெரிய காரணம். 2006இல் வெளிவந்த ஆய்வில் சல்கனிக், டொட்ஸ், வொட்ஸ் என்ற ஆய்வாளர்கள் மூவரும் அறிமுகமற்ற 48 பாட்டுகளை இணையத்தில் 14,000க்கு மேற்பட்டோருக்குக் கொடுத்தனர். சிலருக்குப் பதிவிறக்க எண்ணிக்கையைக் காட்டாமல் மறைத்தனர். மற்றவர்களை எட்டுத் தனி உலகங்களாகப் பிரித்து, அவரவர் உலகத்தின் எண்ணிக்கையை மட்டும் காட்டினர். முன்னுக்கு வந்த பாட்டுகள் உலகத்துக்கு உலகம் மாறின. மிக நல்லவை விழுந்தது அரிது, மிக மோசமானவை எழுந்ததும் அரிது. இடையில் கிடந்தவற்றுக்கு எதுவும் நடந்தது. ஆகவே முதல் சில மணிநேர எண்ணிக்கை கனமானது. கோடையில் யாழ்ப்பாணத்தில் ஞாயிறு மாலை 7 மணிக்கு விட்டால் லண்டனில் 2.30, ரொறன்ரோவில் காலை 9.30; மூன்று ஊரும் விழித்திருக்கும் நேரம். காலை 7 மணிக்கு விட்டால் ரொறன்ரோ சனி இரவு 9.30இல் கேட்கும், லண்டன் நித்திரையில் கிடக்கும்.

பாட்டு ஓடத் தொடங்கியதும் கலியாண வீட்டு டிஜேக்களும் நடனம் பழக்குபவர்களும் குரல் இல்லாத வடிவம் கேட்டு வருவார்கள். கலவை முடிந்த அன்றே அதையும், குரல், தாளம், பேஸ், மற்றவை என்று தனித்தனிக் கோப்புகளையும் ஒரே தொடக்கப் புள்ளியிலிருந்து 24 பிட் வேவ் ஆக ஏற்றி வையுங்கள். மென்பொருள் இரண்டு பதிப்பு மாறினால் பழைய திட்டக் கோப்பு திறந்தாலும், உள்ளிருந்த எஃபெக்ட்டுகள் சில திறக்காது.