காணாமல் போனார்களா, காணாமலாக்கினார்களா?

ஆகஸ்ட் 30 வந்தால் போதும், 'சர்வதேச காணாமல் போனோர் தினம்' என்று தலைப்புப் போட்டுவிடுகிறார்கள். அர்ஜென்டினாவைப் பற்றிய கட்டுரை என்றாலும் 'காணாமல் போன பிள்ளைகளைத் தேடும் தாய்மார்'தான். இது தவறான மொழிபெயர்ப்பு. குற்றம் செய்தவனை வாக்கியத்திலிருந்தே விடுதலை செய்துவிடுகிற தவறு.

திருவிழாக் கூட்டத்தில் குழந்தை காணாமல் போகும். சுனாமியில் ஆட்கள் காணாமல் போனார்கள். அங்கே 'போ' என்ற தன்வினை சரி. 1976 மார்ச்சில் ராணுவம் ஆட்சியைப் பிடித்த பிறகு அர்ஜென்டினாவில் நடந்தது அதுவல்ல. ஆயுதக் குழு வீடு புகுந்து ஆளைக் கொண்டுபோகும். பெற்றோர் காவல் நிலையம், படைமுகாம், நீதிமன்றம் என்று அலைவார்கள். ஆட்கொணர்வு மனு போட்டால், 'அப்படி யாரையும் பிடிக்கவில்லை' என்று பதில் வரும். பிடித்துப்போனவர்களில் பலரை விமானத்திலிருந்து ஆற்றிலும் கடலிலும் வீசினார்கள்.

ஸ்பானிய மூலச் சொல் 'தெசபரெசிதோ'. 'தோன்றுதல்' என்ற வினைக்கு முன்னால் எதிர்மறை ஒட்டு. 'மறைந்துபோனவர்' என்று பொருள். அதுவும் தன்வினைதான். அந்த இடுக்கில்தான் சர்வாதிகாரி விதேலா ஒளிந்துகொண்டார். 1979 டிசம்பரில் ஒரு செய்தியாளர் கேட்டதற்கு, அவர்கள் உயிரோடும் இல்லை, செத்தும் இல்லை, 'மறைந்துபோனவர்கள்' என்றார். அந்நாட்டு மக்களோ இலக்கணத்தை மீறி அதே வினைக்குச் செயப்படுபொருள் கொடுத்து, 'அவனை மறையவைத்தார்கள்' என்று சொல்லத் தொடங்கினார்கள். ஸ்பானியத்தில் விதியை வளைத்துச் செய்ய வேண்டியிருந்ததற்குத் தமிழில் 'ஆக்கு' தயாராகவே இருக்கிறது. காணாமல் ஆக்கினார்கள். கையில் இருப்பதை விட்டுவிட்டு ஏன் 'போனார்கள்'?

சரி, தவறை உணர்ந்தவர்களாவது நல்ல சொல்லைத் தந்தார்களா என்றால், 'கட்டாயமாகக் காணாமல் போதல்' என்கிறார்கள். யாரோ கட்டாயப்படுத்தியதால் அவராகவே போய் ஒளிந்துகொண்டார் என்றல்லவா இது ஒலிக்கிறது! 'ஆட்கடத்தல்' என்பாரும் உண்டு. கடத்தியவன் 'ஆள் என்னிடம் இருக்கிறார், பணம் கொடு' என்பான். இங்கே அரசு 'ஆளே எங்களிடம் இல்லை' என்கிறது. ஐ.நா.வின் 2006ஆம் ஆண்டு உடன்படிக்கையும் பிடித்துச்செல்வதோடு நிற்கவில்லை. அதை ஒப்புக்கொள்ள மறுப்பது, அல்லது அவருடைய கதியை, இருக்குமிடத்தை மறைப்பது, அதன் மூலம் அவரைச் சட்டத்தின் பாதுகாப்புக்கு வெளியே தள்ளுவது, எல்லாம் சேர்ந்ததே குற்றம்.

'வலிந்து காணாமலாக்கப்படுதல்' இவற்றைவிட எவ்வளவோ மேல். ஆனாலும் 'வலிந்து' எனக்கு உறுத்துகிறது. 'வலிந்து போய் உதவினான்' என்றால் யாரும் கேட்காமல் தானாகப் போனான் என்று பொருள். செயப்பாட்டு வினையோடு சேரும்போது வலிந்தது யார் என்று ஒரு நொடி தடுமாறுகிறோம். அப்புறம், வலுக்கட்டாயம் இல்லாத காணாமலாக்கல் என்று ஒன்று உண்டா? ஆங்கிலத்தின் 'டிஸ்அப்பியரன்ஸ்' என்ற பெயர்ச்சொல் தன்வினையிலிருந்து வந்ததால் அதற்கு 'என்ஃபோர்ஸ்டு' (வலுக்கட்டாயமான) என்ற அடைமொழி தேவைப்பட்டது. நமக்கு 'ஆக்கு' போதும். இலங்கையில் உறவுகளைத் தேடும் சங்கங்கள் 'வலிந்து' சேர்த்தே பெயர் வைத்திருக்கின்றன. அவர்கள் தெருவில் நின்று நிலைநிறுத்திய சொல் அது, அதை மாற்றச் சொல்ல எனக்கு உரிமையில்லை. என் வழக்கு மொழிபெயர்ப்பாளர்களோடு மட்டும். அதே நாட்டில் 2016ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த அலுவலகத்தின் பெயரில் 'காணாமற்போன ஆட்கள்' என்றே இருப்பதையும் பாருங்கள்.

சொல்லில் என்ன இருக்கிறது என்று கேட்பவர்களுக்கு அர்ஜென்டினாவிலேயே பதில் உண்டு. 1979 செப்டம்பரில் வட, தென் அமெரிக்க நாடுகளின் பொது மனித உரிமை ஆணையம் பியூனஸ் அயர்ஸுக்கு வந்தது. புகார் கொடுக்க அவெனிதா தே மாயோ தெருவில் குடும்பங்கள் வரிசையில் நின்றன. ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட புகார்கள் சேர்ந்தன. அதே மாதம் ராணுவ அரசு ஒரு சட்டம் போட்டது: இவர்கள் 'இல்லாதவர்கள்', இறந்ததாகக் கொள்ளலாம். தாய்மார் ஏற்கவில்லை, 'உயிரோடு கொண்டுவா' என்றார்கள். மக்களாட்சி திரும்பியதும் அமைந்த விசாரணை ஆணையம் 1984இல் 8,960 பேரைப் பதிவு செய்தது. மனித உரிமை அமைப்புகள் 30,000 என்கின்றன. 1994இல் வந்த சட்டம், இறந்ததாகக் கொள்ளாமல், 'காணாமலாக்கப்பட்டதால் இல்லாதவர்' என்று தனி நிலையையே உருவாக்கியது. குடும்பங்கள் சொத்து, வாரிசு விவகாரங்களைப் பார்க்கப் பிள்ளை செத்தான் என்று கையெழுத்திட வேண்டிய கட்டாயம் அத்தோடு போயிற்று.

எனவே குற்றத்துக்குக் 'காணாமலாக்கல்', ஆளுக்குக் 'காணாமலாக்கப்பட்டவர்'. செய்தவர் தெரிந்த இடத்தில் செயப்பாட்டு வினைகூட வேண்டாம். 'ராணுவம் அவரைக் காணாமலாக்கியது' என்று நேராகவே எழுதலாம். 'மாயம்' என்ற நாளிதழ்த் தலைப்புச் சொல்லை இந்தச் செய்திகளுக்குத் தயவுசெய்து போடாதீர்கள்.