பி.எஃப் ஓய்வூதிய வழக்கு: ஆவணத்தைப் பரிசீலிக்காமல் மனுவைத் தள்ள முடியாது

ஒன்பது வருடம் ஐந்து மாதம் வேலை பார்த்தவருக்கு மாத ஓய்வூதியம் கிடையாது. ஒன்பது வருடம் ஆறு மாதம் என்றால் உண்டு. 1995ஆம் ஆண்டின் தொழிலாளர் ஓய்வூதியத் திட்டம் பத்து வருடப் பணிக்காலம் கேட்கிறது. ஆறு மாதமும் அதற்கு மேலும் வரும் மிச்சத்தை முழு வருடமாக எடுத்துக்கொள்கிறது. ஒரே ஒரு மாதச் சம்பளச் சீட்டு ஒருவருடைய ஆயுள்கால ஓய்வூதியத்தைத் தீர்மானித்துவிடும். அந்தச் சீட்டைப் பற்றி ஒரு சொல்கூட இல்லாமல் "போதிய ஆதாரம் இல்லை" என்று மட்டும் எழுதி மனுவைத் தள்ளுபடி செய்வது சட்டப்படி நிற்காது.

பெரும்பாலான வழக்குகளின் வேர் ஒன்றுதான்: முதலாளி சம்பளத்தில் பிடித்திருப்பார், வைப்பு நிதி அலுவலகத்தில் கட்டியிருக்க மாட்டார். "எங்கள் பதிவில் இல்லை" என்று அலுவலகம் கைவிரிக்கும். ஆனால் சந்தா வரப்பெற்ற காலம் மட்டுமல்ல, வரவேண்டிய காலமும் ஓய்வூதியத்துக்குரிய பணிக்காலம்தான் என்று திட்டத்தின் வரையறையே சொல்கிறது. ஆகவே நீதிமன்றம் முதலில் பார்க்கவேண்டியது பணம் வந்ததா என்பதை அல்ல; அவர் அங்கே வேலை செய்தாரா என்பதை.

அதை நிரூபிக்கும் முதல் பொறுப்பு தொழிலாளியுடையது. ஒரு தொழிலாளி வருடத்தில் 240 நாள் வேலை செய்தாரா என்பது பற்றிய ஆர்.எம். எல்லாட்டி வழக்கில் (2005) உச்ச நீதிமன்றம், வெறும் பிரமாண வாக்குமூலம் போதாது என்றது. வருகைப் பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லித் தொழிலாளி கேட்கவேண்டும் என்பதையும் சுட்டியது. இங்கேதான் பலர் கோட்டைவிடுகிறார்கள். வருகைப் பதிவேடு, சம்பளப் பதிவேடு, முதலாளி தரும் பி.எஃப் ஆண்டுச் சந்தாக் கணக்குகளான படிவம் 3ஏ, 6ஏ ஆகியவற்றை எந்த வருடத்துக்கு வேண்டும் என்று குறிப்பிட்டு, அவற்றைத் தாக்கல் செய்ய முதலாளிக்கு உத்தரவிடும்படி தனி மனு போடுங்கள். கையில் இருப்பதை முதலாளி மறைத்தால், அது அவருக்குப் பாதகமானது என்று அனுமானிக்க வழி பிறக்கும் (பழைய சாட்சியச் சட்டம் பிரிவு 114, இப்போதைய சாட்சியச் சட்டம் பிரிவு 119). மனுவே போடாமல் அந்த அனுமானத்தைக் கேட்பது பலவீனமான வாதம்.

முதலாளி கட்டவேண்டிய தொகையைத் தீர்மானிக்க, 1952ஆம் ஆண்டு வைப்பு நிதிச் சட்டத்தின் பிரிவு 7ஏ-இன் கீழ் ஆணையர் நடத்தும் விசாரணைக்கும் இது பொருந்தும். ஆளையும் ஆவணத்தையும் வரவழைக்கும் அதிகாரம் ஆணையருக்கு உண்டு. தரப்பினர் கேட்டும் அதைப் பயன்படுத்தாமல் விடுவது கடமை தவறுவது என்று இந்திய உணவுக் கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்துச் சொல்லியிருக்கிறது.

தொழிலாளி கையில் இருப்பவற்றில் எனக்கு மிகவும் பிடித்தது இ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசுக் காப்பீடு) பதிவு. முதலாளியின் பிடியில் இல்லாத இன்னொரு அலுவலகம், ஏப்ரல் முதல் செப்டம்பர், அக்டோபர் முதல் மார்ச் என்று அரையாண்டுக் கணக்காக வைத்திருக்கும் பதிவு அது. சம்பளம் வரவான வங்கிப் பாஸ்புக், பி.எஃப் ஆண்டுக் கணக்குச் சீட்டு, போனஸ் ரசீது எல்லாம் அடுத்தபடி. பெயரின் இன்ஷியலோ பிறந்த தேதியோ ஆவணத்துக்கு ஆவணம் மாறியிருந்தால், எதிர்த்தரப்பு கிளப்பும்வரை காத்திராமல் முதல் வாக்குமூலத்திலேயே விளக்கிவிடுங்கள்.

மனுவோடு இணைத்த நகல் தானாகச் சான்றாகிவிடாது. சாட்சி விசாரணையில் ம.சா.ஆ. (மனுதாரர் சான்றாவணம்) 1, 2 என்று குறியீடு செய்யப்படவேண்டும். ஜெராக்ஸ் மட்டும்தான் இருக்கிறதென்றால், அசலைக் கொண்டுவரச் சொல்லி முதலாளிக்கு அறிவிப்புக் கொடுத்துவிட்டு நகலைத் தாக்கல் செய்யுங்கள். இணையத்தில் எடுத்த பாஸ்புக் அச்சுக்கு இப்போதைய சாட்சியச் சட்டத்தின் பிரிவு 63இன் கீழ் மின்னணுச் சான்றிதழ் இணைத்தால் ஆட்சேபத்துக்கு இடமிருக்காது.

உத்தரவு பாதகமாக வந்தால், சான்றிட்ட நகல் வாங்கி, கடைசிப் பக்கத்திலுள்ள சான்றாவணப் பட்டியலைத் தீர்ப்பின் உடலோடு ஒப்பிடுங்கள். பட்டியலில் இருந்து, காரணப் பகுதியில் பேசப்படாத ஆவணம் எது என்று குறித்துக்கொள்ளுங்கள். சையத் யாகூப் வழக்கு (1963) காட்டிய எல்லைப்படி, சாட்சியம் போதுமா போதாதா என்பதை நீதிப்பேராணை (ரிட்) மனுவில் உயர் நீதிமன்றம் மறுபடி எடைபோடாது. முக்கியமான சான்றை ஏற்க மறுத்தது சட்டப் பிழை என்றால் தலையிடும். எனவே மனுவில் "தவறாக எடைபோட்டார்கள்" என்று பொதுவாக எழுதாமல், "ம.சா.ஆ. 4 பரிசீலிக்கப்படவே இல்லை, அது காட்டும் ஏழு மாதம் சேர்ந்தால் பணிக்காலம் இவ்வளவு" என்று கணக்கோடு எழுதுங்கள்.