குபாவின் பாட்டியும் தாய்மாமனும்

போலந்து கால்பந்து வீரர் யாகுப் ப்வாஷ்சிக்கோவ்ஸ்கியைப் பற்றி இணையத்தில் வரும் காணொலிகள் பெரும்பாலும் ஒரே ராகத்தில்தான் பாடுகின்றன. கண்ணெதிரே தாயைப் பறிகொடுத்த சிறுவன், அந்த வலியையே வலிமையாக்கிக்கொண்டு நாட்டுக்கே கேப்டன் ஆனான் என்று. பின்னணியில் கட்டாயம் ஒரு சோக வயலின் இருக்கும். குழந்தைகளுக்கான மனநல ஆலோசகராக இருக்கும் எனக்கு இதைக் கேட்டாலே எரிச்சல் வரும். வலி எந்தக் குழந்தையையும் வளர்ப்பதில்லை. அந்தப் பையனை வளர்த்தவர்கள் அவனுடைய அம்மாவைப் பெற்ற பாட்டியும் தாய்மாமனும். அவர்கள் செய்ததில் பெரும்பகுதி நாமும் செய்யக்கூடியது. அதனால்தான் இந்தக் கட்டுரை.

கால்பந்து பார்க்காதவர்களுக்கு ஒரு சின்ன அறிமுகம். ஊரும் ரசிகர்களும் அவரைக் குபா என்றுதான் கூப்பிடுவார்கள். ஜெர்மனியின் டார்ட்மண்ட் அணிக்கு ஆடியபோது சட்டை முதுகிலும் அந்தப் பெயரே இருந்தது. வலப்புற மிட்ஃபீல்டர். யூர்கன் க்ளோப் பயிற்சியாளராக இருந்தபோது டார்ட்மண்ட் 2011, 2012 என்று அடுத்தடுத்து இரண்டு முறை ஜெர்மன் லீக் பட்டம் வென்றதே, அந்த அணியில் இவர், லெவன்டோவ்ஸ்கி, பிஷ்செக் என மூன்று போலந்துக்காரர்கள் இருந்தார்கள். 2013-இல் ஐரோப்பாவின் சிறந்த கிளப்புகள் மோதும் சாம்பியன்ஸ் லீக்கில் இறுதிப் போட்டிவரை போனார்கள். நாட்டுக்காக 109 ஆட்டங்கள், 21 கோல்கள்.

1985-இல் பிறந்த குபா, சென்ஸ்தொகோவா நகரத்துக்குப் பக்கத்தில் த்ருஸ்கொலாசி என்ற கிராமத்தில் வளர்ந்தார். 1996-இல், அவருக்குப் பத்து வயது இருக்கும்போது, அப்பா அம்மாவைக் கத்தியால் குத்திக் கொன்றார். பையன் அதைப் பார்த்தான். அப்பாவுக்கு 15 ஆண்டு சிறைத்தண்டனை கிடைத்தது. பல ஆண்டுகள் இதைப் பற்றி வெளியில் பேசாமலே இருந்தவர், 2015-இல் வெளிவந்த தன்வரலாற்றில்தான் விரிவாகச் சொன்னார்.

எங்கள் தொழிலில் இதை இரட்டை இழப்பாகப் பார்ப்போம். நோயிலோ விபத்திலோ தாயை இழக்கும் குழந்தைக்குத் தந்தை என்று ஒருவர் மிச்சம் இருப்பார். இங்கே ஒரே நாளில் ஒருவர் சுடுகாட்டுக்கும் இன்னொருவர் சிறைக்கும் போய்விடுகிறார். வீடு போலீஸ் பூட்டிய இடமாகிவிடுகிறது. பள்ளிக்கூடம், தெரு, கோயில் என்று எங்கே போனாலும் 'அந்த வீட்டுப் பிள்ளை' என்ற பெயர் முன்னால் போய் நிற்கிறது. துக்கமும் பயமும் அவமானமும் ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு வருவதால், எதற்காக அழுகிறோம் என்று குழந்தைக்கே பிரித்துச் சொல்லத் தெரியாது.

பத்து வயதில் மரணம் என்றால் திரும்பி வராதது என்று குழந்தைக்குப் புரிந்திருக்கும். நாலு வயதுக் குழந்தை 'அம்மா எப்ப வருவாங்க' என்று திரும்பத் திரும்பக் கேட்கும். பத்து வயதுக் குழந்தை கேட்காது. அதற்குப் பதிலாக வேறொரு கணக்கைத் தனக்குள் போட்டுக்கொண்டிருக்கும்: நான் கத்தியிருந்தால், நான் குறுக்கே போயிருந்தால், நான் அன்றைக்குச் சேட்டை பண்ணாமல் இருந்திருந்தால். என்னிடம் வரும் பிள்ளைகளில் பலர் இதைச் சொல்வதற்கே மாதக்கணக்கில் ஆகியிருக்கிறது. அதுவரை வயிற்றுவலி, தலைவலி, படுக்கையில் சிறுநீர் போவது, கதவு சாத்தும் சத்தத்துக்குக்கூடத் திடுக்கிடுவது என்று உடம்புதான் பேசிக்கொண்டிருக்கும். சிலர் ஒரேயடியாக 'நல்ல பிள்ளை' ஆகிவிடுவார்கள். சொன்ன பேச்சு கேட்பார்கள், தம்பி தங்கையைப் பார்த்துக்கொள்வார்கள், முதல் மதிப்பெண் எடுப்பார்கள். உறவினர்களுக்கு அது பெரிய ஆறுதல். எனக்கு அந்தப் பிள்ளைகளைப் பற்றித்தான் கூடுதல் கவலை.

குபாவையும் அவருடைய அண்ணனையும் பாட்டி ஃபெலித்ஸியா தன் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனார். செத்துப்போனது அவர் பெற்ற மகள் என்பதையும் நினைத்துப் பாருங்கள். தன் துக்கத்தையும் சுமந்துகொண்டு இரண்டு பேரப்பிள்ளைகளுக்கு மூன்று வேளைச் சாப்பாடு, துவைத்த துணி, பள்ளிக்கூடம், தூங்கும் நேரம் என்று நாளை ஓட்டிய பெண்மணி. குபா பேட்டிகளில் அவரை எப்போதும் நன்றியோடுதான் நினைவுகூர்கிறார். இந்த அன்றாட ஒழுங்கு சாதாரண விஷயம் போலத் தெரியும். ஆனால் உலகம் ஒரே நாளில் தலைகீழான குழந்தைக்கு, 'ஏழரை மணிக்குச் சாப்பாடு' என்பது நேற்றுப்போலவே இன்றும் நடக்கிறது என்பதே முதல் மருந்து.

இதற்கு ஆய்வின் பின்பலமும் உண்டு. ஹவாய்த் தீவுகளில் ஒன்றான கவாயில் 1955-இல் பிறந்த 698 குழந்தைகளை உளவியலாளர் எம்மி வெர்னரும் அவருடைய குழுவினரும் பல பத்தாண்டுகள் தொடர்ந்து கவனித்தார்கள். வறுமை, குடி, குடும்பச் சண்டை என்று பல ஆபத்துகள் ஒன்றாகச் சேர்ந்த வீடுகளில் பிறந்தவர்களில்கூட ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினர் நல்லபடியாக வளர்ந்து ஆளானார்கள். அவர்களிடம் பொதுவாக இருந்த சில அம்சங்களில் முக்கியமானது, சின்ன வயதிலேயே நம்பிப் பற்றிக்கொள்ள ஒரு பெரியவர் கிடைத்திருந்தது. தாய் தந்தையாகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை. தாத்தா, பாட்டி, அத்தை, ஆசிரியை என யாராகவும் இருந்தார்கள். மீதி மூன்றில் இரண்டு பங்கையும் மறந்துவிடக் கூடாது. 'அவன் எழுந்து வந்தானே, உனக்கென்ன' என்று காணொலியைக் காட்டி ஒரு பிள்ளையை ஒப்பிடுவது, அந்தப் பிள்ளைக்குக் கிடைக்காத பாட்டிக்காக அந்தப் பிள்ளையையே தண்டிப்பது.

அடுத்து தாய்மாமன். யெஷி ப்ஷென்செக் அப்போதே பெயர் பெற்ற வீரர். 1992 பார்சிலோனா ஒலிம்பிக்கில் வெள்ளி வென்ற போலந்து அணியின் கேப்டன். அம்மா இறந்த பிறகு குபா பந்தைத் தொடாமலே இருந்தார். மாமன்தான் பேசி, மறுபடியும் மைதானத்துக்குக் கூட்டி வந்தார். இந்த இடத்தில் 'விளையாட்டு அவரைக் காப்பாற்றியது' என்று அவசரப்பட்டு எழுதிவிடுகிறார்கள். பந்து தானாக யாரையும் காப்பாற்றாது. பயிற்சிக்கு இன்ன நேரத்துக்கு வா என்று சொல்ல ஒருவர், வராவிட்டால் ஏன் வரவில்லை என்று கேட்க ஒருவர், அவனை 'அந்த வீட்டுப் பிள்ளை'யாகப் பார்க்காமல் வலது பக்கம் ஓடுகிற பையனாக மட்டும் பார்க்கும் ஒரு கூட்டம் ஆகியவைதான் பந்தோடு சேர்ந்து வந்தன. பாட்டு வகுப்பிலும், சிலம்பக் களத்திலும், தச்சுப் பட்டறையிலும்கூட அது கிடைக்கலாம்.

பின்னாளில் உள்ளூர்ச் சிறிய அணியான கே.எஸ். சென்ஸ்தொகோவாவில் ஆடிக்கொண்டிருந்தவரை போலந்தின் பெரிய கிளப்பான விஸ்வா கிராக்கோவுக்குப் பரிந்துரைத்ததும் இதே மாமன்தான். 2005-இல் அங்கே சேர்ந்தார், அந்தப் பருவத்திலேயே லீக் பட்டம், 2007-இல் டார்ட்மண்ட். (2018-இல் மாமன் தேசிய அணிக்கே பயிற்சியாளர் ஆனார். கிளப்பில் ஆட வாய்ப்புக் கிடைக்காமல் உட்கார்ந்திருந்த மருமகனை அணியில் சேர்த்தபோது, உறவுக்காரனுக்குச் சலுகை என்று பத்திரிகைகள் விளாசின. விமர்சனத்தில் நியாயம் இருந்தது. ஆனாலும் அந்த உறவு எங்கே தொடங்கியது என்று யோசித்தால் எனக்கு அவர்மேல் முழுசாகக் கோபம் வரவில்லை.)

இப்போது யாரும் பேசத் தயங்கும் பகுதி: அப்பா. தண்டனை முடிந்து வெளியே வந்த அவர் 2012 மே மாதம் இறந்தார். அடுத்த மாதம் ஐரோப்பிய நாடுகள் மோதும் யூரோ கோப்பை, அதுவும் சொந்த மண்ணில். குபா கேப்டன். அவர் அப்பாவின் இறுதிச் சடங்குக்குப் போய்விட்டுத்தான் அணியின் முகாமில் சேர்ந்தார். ஜூன் 12-ஆம் தேதி வார்சாவில் ரஷ்யாவுக்கு எதிராக, அணி ஒரு கோல் பின்தங்கியிருந்தபோது, 57-ஆவது நிமிடத்தில் இடது காலால் அவர் அடித்த கோலை போலந்துக்காரர்கள் இன்னும் மறக்கவில்லை. கோல் அடித்தால் வானத்தைப் பார்ப்பது அவர் வழக்கம், அது அம்மாவுக்காக.

ஏன் போனார், மன்னித்தாரா, இல்லையா என்று அலசுவது நம் வேலை இல்லை. ஆனால் இதே கேள்வி வேறு வடிவங்களில் எங்கள் அறைக்கு வந்துகொண்டே இருக்கிறது. காரியம் முடிவதற்குள்ளேயே உறவினர்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்துவிடுவார்கள். 'என்ன இருந்தாலும் பெத்த அப்பன்டா, ஜெயில்ல போய் ஒரு தடவ பாத்துட்டு வா' என்று அப்பா வழியில் ஒரு பக்கம். 'அந்தக் கொலகாரன் பேச்ச இந்த வீட்ல எடுக்கக் கூடாது' என்று அம்மா வழியில் மறுபக்கம். இரண்டு பக்கமும் தங்கள் மனசைச் சொல்கிறார்களே தவிர, பிள்ளையின் மனசைக் கேட்பதில்லை. நடுவில் நிற்கும் பிள்ளைக்கு அப்பாவை நினைத்தால் வெறுப்பும் வரும், அவர் சைக்கிள் ஓட்டச் சொல்லிக்கொடுத்த நாளும் ஞாபகம் வரும். அவரைத் தேடுவது அம்மாவுக்குத் துரோகம் என்று தோன்றும். இந்த இரண்டு உணர்வும் ஒரே மனசில் இருக்கலாம், அதில் தப்பே இல்லை என்று யாராவது ஒருவர் சொன்னாலே பாதிப் பாரம் இறங்கும். பார்ப்பதா வேண்டாமா என்பதை அந்தப் பிள்ளை வளர்ந்து தானே முடிவு செய்யலாம். குபாவுக்கு அப்போது 26 வயது.

விளையாட்டை மட்டுமே நம்பியிருந்தால் என்ன ஆகும் என்பதற்கும் இந்த வாழ்க்கையிலேயே இடம் இருக்கிறது. 2014 ஜனவரியில் ஆக்ஸ்பர்க் அணியோடு ஆடும்போது முழங்காலில் குறுக்குத் தசைநார் அறுந்தது. மாதக்கணக்கில் ஓய்வு. அந்த ஆண்டே தேசிய அணியின் கேப்டன் பட்டை லெவன்டோவ்ஸ்கியிடம் போனது. டார்ட்மண்டில் பழைய இடம் திரும்பக் கிடைக்கவில்லை. இத்தாலியின் ஃபியோரென்டினாவுக்குத் தற்காலிகமாக ஆடப் போனார், பிறகு ஜெர்மனியின் வோல்ஃப்ஸ்பர்க். சின்ன வயதில் பெரிய அடி வாங்கி, ஒரே ஒரு திறமையைப் பிடித்துக்கொண்டு மேலே வந்தவர்களுக்கு இத்தகைய காலம் மிகவும் ஆபத்தானது. காலில் கட்டுப் போட்டுப் படுத்திருக்கும்போது பழைய படங்கள் வரிசையாக வரும். விளையாட்டு விடுதிகளில் இருக்கும் பிள்ளைகளின் பயிற்சியாளர்களுக்கு நான் சொல்வது இதைத்தான்: காயம் பட்ட பையனை ஊருக்கு அனுப்பிவிட்டுக் குணமானதும் வா என்று சொல்லாதீர்கள், மைதானத்தின் ஓரத்திலாவது உட்கார வையுங்கள்.

2016 யூரோவில் அவர் திரும்பி வந்து உக்ரைன், ஸ்விட்சர்லாந்து இரண்டு அணிகளுக்கு எதிராகவும் கோல் அடித்தார். காலிறுதியில் போர்ச்சுகலோடு பெனால்டி முறை வந்தபோது இவர் அடித்ததை மட்டும் கோல்கீப்பர் தடுத்துவிட்டார். போலந்து வெளியேறியது. அவருக்கு முன்னால் போன மூன்று பேரும் ஆளுக்கொன்று அடித்திருந்தால் யாருக்குத்தான் உறுத்தாது. ஆனால் ரசிகர்கள் அவரைத் தூற்றவில்லை.

2018 கடைசியில் விஸ்வா கிராக்கோவ் கடனில் மூழ்கி மூடும் நிலைக்கு வந்தது. வாங்க வந்த முதலீட்டாளர்கள் பணம் தராமல் கைவிரித்தார்கள். குபா இன்னும் இருவரோடு சேர்ந்து மொத்தம் 40 லட்சம் ஸ்லோட்டி (போலந்து நாணயம்) கடன் கொடுத்தார், தானும் வந்து ஆடினார். மாதச் சம்பளம் 500 ஸ்லோட்டி. குழந்தைகள் இல்லத்துப் பிள்ளைகள் ஆட்டம் பார்க்க டிக்கெட் வாங்க அதையும் கொடுத்தார். 2023 ஜூன் மாதம் வார்சாவில் ஜெர்மனிக்கு எதிராக அவருக்கு வழியனுப்பு ஆட்டம் நடந்தது. சட்டை எண் 16. 16-ஆவது நிமிடத்தில் இரு அணி வீரர்களும் வரிசையாக நின்று கைதட்ட, வெளியே வந்தார்.

இனி இங்கே நமக்குத் தேவையான சில விஷயங்கள். வன்முறை நடக்கும் வீட்டில் 'பசங்க தூங்கிட்டாங்க, அவங்களுக்கு ஒண்ணும் தெரியாது' என்பதை அநேகமாக நம்பவே வேண்டாம். கண்ணை மூடிக்கொண்டு கேட்டுக்கொண்டிருப்பார்கள். பெண் பிரிந்து போக முடிவெடுக்கும் சமயமும் பிரிந்த உடனேயும்தான் உயிருக்கு ஆபத்து அதிகம். அந்த நேரத்தில் 'அனுசரிச்சுப் போ' என்று திருப்பி அனுப்பாதீர்கள். 181 பெண்களுக்கான உதவி எண், 1098 குழந்தைகளுக்கானது. மனநல ஆலோசனைக்கு 14416.

இப்படி ஒரு குழந்தையைத் தாத்தா பாட்டியோ மாமனோ வைத்து வளர்த்தால், மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகில் போய் விசாரியுங்கள். மிஷன் வாத்சல்யா திட்டத்தில் மாதம் 4,000 ரூபாய் நிதி ஆதரவு பெற வழி இருக்கிறது.  பணம் கேட்கக் கூச்சப்பட்டு ஓய்வூதியத்திலேயே ஓட்டும் பாட்டிகளை நிறையப் பார்க்கிறேன்.

குழந்தையை உட்கார வைத்து 'அன்னைக்கு என்ன நடந்துச்சு, முழுசா சொல்லு' என்று வந்தவர் போனவரெல்லாம் கேட்பதை நிறுத்துங்கள். சம்பவம் நடந்த சூட்டோடு ஒரே அமர்வில் எல்லாவற்றையும் பேச வைப்பது பயன் தருவதில்லை, சில சமயம் கெடுதலும் செய்கிறது என்று இப்போது தெரியும். போலீஸுக்கும் நீதிமன்றத்துக்கும் சொல்ல வேண்டியதை, பயிற்சி பெற்ற ஒருவர் பக்கத்தில் இருக்க, முடிந்தவரை குறைந்த தடவையில் சொன்னால் போதும். ஒரு மாதம் கடந்தும் கெட்ட கனவு, திடுக்கிடல், பள்ளிக்குப் போக மறுப்பு குறையாவிட்டால், இதற்கென்றே குழந்தைகளுக்கு உருவாக்கப்பட்ட நடத்தை சார்ந்த பேச்சு சிகிச்சை இருக்கிறது. அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளின் மனநலப் பிரிவில் கேளுங்கள். வளர்க்கும் பாட்டிக்கும் தூக்கம் வருகிறதா என்று அதே நாளில் ஒரு வார்த்தை கேட்கச் சொல்லுங்கள்.

இன்னொன்று, பத்து வயதில் அமைதியாகிவிட்ட பிள்ளை பதினைந்து, பதினாறில் மறுபடியும் கலங்கும். அம்மாவின் நினைவு நாள் வரும் மாதத்தில் மதிப்பெண் இறங்கும், சண்டை வரும். 'அதெல்லாம் முடிஞ்சு அஞ்சு வருஷம் ஆச்சே' என்று ஆசிரியர்கள் என்னிடம் சொல்வார்கள். அந்தத் தேதியை வகுப்பு ஆசிரியர் தன் நாட்குறிப்பில் குறித்து வைத்துக்கொண்டு, அந்த வாரம் பையனிடம் தனியாகக் கொஞ்ச நேரம் பேசினால் போதும். அவனை எங்களிடம் அனுப்ப வேண்டுமா என்பது அந்தப் பேச்சிலேயே தெரிந்துவிடும்.