“அதுவா வருது சார்”

பாளையங்கோட்டையில் என்னிடம் மனநல ஆலோசனைக்கு வரும் பெற்றோர் பலர் கேட்பது இதைத்தான்: “எந்த சைட்டுக்குள்ள போறான்னு கண்டுபிடிக்க முடியுமா சார்?” பெரும்பாலும் பிள்ளை எந்த சைட்டுக்குள்ளும் போயிருக்க மாட்டான். பாட்டும் காமெடியும் பார்த்துக்கொண்டிருந்த இடத்துக்கே ஆபாச வீடியோ வந்திருக்கும்.

முன்பு ‘ஏ’ படம் என்றால் தியேட்டர் வாசலில் தடுப்பார்கள். தடுக்காவிட்டாலும், எங்கே நுழைகிறோம் என்பது நுழைகிறவனுக்குத் தெரியும். ‘ஏ’ படத்தை இன்றும் டிவியில் அப்படியே போட முடியாது. ஓடிடி தளங்கள் வயதைக் குறிப்பிட வேண்டும், 13 வயதுக்கு மேற்பட்டவர்களுக்கான படைப்புகளுக்குப் பூட்டு வசதி தரவேண்டும் என்று ஒன்றிய அரசின் 2021 தகவல் தொழில்நுட்ப விதிகள் சொல்கின்றன. ஆனால் அப்படி ஒரு வெப் சீரிஸில் அரை நிமிடத்தை யாரோ வெட்டி, ஒரு சினிமாப் பாட்டை ஒட்டி ரீல்ஸில் விட்டால் அதற்குச் சான்றிதழும் கிடையாது, பூட்டும் கிடையாது. 2024 மார்ச்சில் ஒன்றிய அரசு ஆபாசத்துக்காக 18 ஓடிடி தளங்களை முடக்கியது. தேவையான நடவடிக்கைதான். ஆனால் யாரோ வெட்டி விடும் இந்த அரை நிமிடம் அதனால் நின்றுவிடவில்லை.

முக்கூடல் பக்கத்துக் குடும்பம் ஒன்று. (அடையாளங்களை மாற்றியிருக்கிறேன்.) அம்மா பீடி சுற்றுகிறார். வீட்டில் இருப்பது அவருடைய ஒரே போன். பள்ளிக்கூட வாட்ஸப் குரூப்பும் அதில்தான், இன்ஸ்டாகிராமும் அதில்தான். கணக்கு அம்மாவின் வயதில் இருக்கிறது. அதனால் பதின்வயதினருக்கென்று வைத்த கட்டுப்பாடு எதுவும் அதில் வேலை செய்யாது. “நான் எதையும் தேடல சார், அதுவா வருது” என்றான் எட்டாம் வகுப்புப் பையன். அவன் சொன்னது உண்மை. லைக் போடவே வேண்டாம், ஒரு வீடியோவில் விரல் கொஞ்சம் கூடுதலாக நின்றால் போதும், அதே மாதிரி வரிசையாக வரும். சிலவற்றின் கீழே டெலிகிராம் லிங்க் இருக்கும். ரீல்ஸ் வெறும் விளம்பரம், வியாபாரம் அந்த லிங்க்கில் நடக்கிறது.

அவன் தூக்கம் கெட்டு, கூடப் படிக்கும் பிள்ளைகளின் முகத்தைப் பார்க்கவே கூசிப்போயிருந்தான். கல்லூரிப் பையன்கள் சிலரிடம் நான் பார்ப்பது இன்னும் கவலை தருகிறது. பெண் ‘வேண்டாம்’ என்றால் சும்மா சொல்கிறாள் என்று நம்புகிறார்கள். இதை ஆபாச வீடியோ மட்டும் சொல்லிக்கொடுக்கவில்லை. விரட்டி விரட்டிக் காதலிக்கும் கதாநாயகனுக்கு நாம் குடும்பத்தோடு கைதட்டியிருக்கிறோம். இரண்டும் ஒரே திரையில் அடுத்தடுத்து வரும்போது, பையனுக்கு இரண்டும் ஒரே பாடம்தான்.

சரி, வீட்டில் என்ன செய்யலாம்? போனைப் பிடுங்கினால் அடுத்த முறை அவன் சொல்லவே மாட்டான். 13 வயது முடிந்திருந்தால் உண்மையான பிறந்த தேதியில் அவனுக்கென்று தனிக் கணக்கு தொடங்குங்கள். வேண்டாத வீடியோ வந்தால் ‘நாட் இன்ட்ரஸ்டட்’ அழுத்தக் கற்றுக்கொடுங்கள். “என்ன கண்றாவியப் பாத்த?” என்று அதட்டாமல், “போன்ல சங்கடமா ஏதும் வந்துச்சா ராசா?” என்று கேளுங்கள்.

சிறுவர் சிறுமியரைக் காட்டும் ஆபாச வீடியோ குரூப்பில் வந்தால், “இந்த அநியாயத்தைப் பாருங்க” என்றுகூட யாருக்கும் அனுப்பாதீர்கள். அதை வைத்திருப்பதும் பார்ப்பதும் குற்றமாகும் என்று 2024 செப்டம்பர் 23 அன்று உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியிருக்கிறது. குழந்தைக்கு ஆபத்து என்றால் 1098 என்ற எண்ணை அழையுங்கள். மனம் விட்டுப் பேச 14416, எந்த நேரமும் இலவசமாகத் தமிழிலேயே பேசலாம்.