சொல் விளக்கம்: ஹோட்டல்

1929-இல் வந்த ஒரு ஜெர்மன் நாவலின் தலைப்பைச் சொல்லுக்குச் சொல் தமிழில் போட்டால் 'ஹோட்டலில் மனிதர்கள்' என்று வரும். நம் காதில் விழுந்ததும் என்ன தோன்றும்? கல்லாப்பெட்டி, தண்ணீர் டம்ளர்களோடு வரும் சர்வர், அடுத்த பந்திக்காக நாற்காலிக்குப் பின்னால் நிற்கும் கூட்டம். நாவலில் இவை எதுவுமே கிடையாது. பெர்லினில் ஓர் ஆடம்பர விடுதியில் சில நாட்கள் தங்கிப் போகிறவர்களின் கதை அது. நாம் ஹோட்டல் என்பது சாப்பிடும் இடத்தை. தங்கும் இடம் நமக்கு லாட்ஜ். இந்த நாவலைப் பற்றித் தமிழில் பேச வாயெடுத்தாலே இந்தச் சொல் காலை வாரிவிடுகிறது.

எழுதியவர் விக்கி பவும். 1888-இல் வியன்னாவில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர். முதலில் இசைக்கலைஞர், வாசித்தது ஹார்ப். (இதற்குத் தமிழ்ச்சொல் தேடி அலைய வேண்டாம், யாழ் இருக்கிறது.) 1926-இல் பெர்லினில் உல்ஸ்டைன் பதிப்பகத்தில் பத்திரிகை வேலைக்குச் சேர்ந்தார். ஹோட்டல் நாவல் முதலில் அந்த நிறுவனத்தின் வாரப் பத்திரிகையில் தொடர்கதையாகத்தான் வந்தது. அதை எழுதுவதற்காகச் சில வாரங்கள் ஒரு ஹோட்டலில் அறை துடைக்கும் பணிப்பெண்ணாக வேலை பார்த்தார் என்று சொல்வார்கள். அதே பெர்லினில் குத்துச்சண்டையும் பழகியவர் என்பதால், நம்பக் கூடியதுதான்.

சரி, சொல்லுக்கு வருவோம். லத்தீனில் 'ஹோஸ்பெஸ்' என்று ஒரு சொல். அதற்கு விருந்தினர் என்றும் பொருள், விருந்தளிப்பவர் என்றும் பொருள். அதிலிருந்து 'ஹோஸ்பிட்டாலே', அதாவது வந்தவர் தங்கும் இல்லம். பழைய பிரெஞ்சில் அது 'ஹோஸ்டெல்' ஆயிற்று. நாளடைவில் நடுவிலிருந்த 'ஸ்' ஒலி தேய்ந்து மறைந்தது. அது இருந்த இடத்துக்கு அடையாளமாகப் பிரெஞ்சுக்காரர்கள் 'ஓ' எழுத்தின் தலையில் ஒரு சின்னக் கூரை போட்டார்கள். அதுதான் 'ஓட்டெல்'. ஆக ஹோட்டல், ஹாஸ்டல், ஹாஸ்பிட்டல் மூன்றும் ஒரு தாய் மக்கள். பிரெஞ்சில் இச்சொல்லுக்கு நகரத்துப் பெரிய மாளிகை என்றும் பொருள் உண்டு. இன்றைக்கும் 'ஓட்டெல் த வில்' என்றால் நகர மன்றக் கட்டடம். அங்கே போய் அறை கேட்க முடியாது. பாரிஸின் பழைய மருத்துவமனைக்குப் பெயர் 'ஓட்டெல் தியு'. காசு கொடுத்துத் தங்கும் இடம் என்ற பொருளில் ஆங்கிலம் இதை எடுத்துக்கொண்டது 18-ஆம் நூற்றாண்டில். நம்மிடம் வந்தபோது அறை போய்ச் சாப்பாடு மட்டும் நின்றது. ஜெர்மனுக்கும் இது பிரெஞ்சுக் கடன்தான். அவர்களுடைய சொந்தச் சொல் 'காஸ்ட்ஹோஃப்'. 'காஸ்ட்' என்றால் விருந்தாளி.

நமக்கும் இப்படி ஒரு சொல் இருக்கிறது: விருந்து. இன்று அது வாழை இலையும் வடை பாயசமும். பழைய பொருள் 'புதுமை', அப்புறம் 'புதிதாக வந்தவர்'. புதிதாகப் புனையும் நூலுக்குத் தொல்காப்பியம் விருந்து என்றே பெயர் தருகிறது. வள்ளுவரின் 'செல்விருந்து ஓம்பி வருவிருந்து' சாப்பாட்டைப் பற்றியது அல்ல, ஆளைப் பற்றியது. இன்னொரு குறளில் அவர் 'விருந்து, ஒக்கல்' என்று இரண்டையும் தனித்தனியாகச் சொல்கிறார். ஒக்கல் என்றால் சுற்றத்தார். அப்படியானால் விருந்து என்பவர் மாமாவோ சித்தப்பாவோ இல்லை, முன்பின் தெரியாதவர். லத்தீனிலும் 'ஹோஸ்பெஸ்' சொல்லுக்கு நெருங்கிய உறவான 'ஹோஸ்டிஸ்' முதலில் அந்நியரைக் குறித்து, பிறகு பகைவரைக் குறிக்கத் தொடங்கியது.

இதை வைத்துப் பார்த்தால் ஹோட்டலுக்கு 'விருந்தகம்' பொருத்தமாகத் தோன்றும். சிலர் எழுதவும் செய்கிறார்கள். எனக்கு மனம் ஒப்பவில்லை. விருந்தாளியிடம் பில் நீட்டுவது எந்த ஊர் வழக்கம்? 'சத்திரம்' என்றால் தர்மத்துக்குத் தங்கும் இடம். 'உணவகம்' பாதிதான்.

மிஞ்சுவது விடுதி. கெடு, கெடுதி ஆவதுபோல விடு, விடுதி. அதே 'விடு' முதலெழுத்து நீண்டால் வீடு. வீடு என்றால் நாம் நிலையான இடமாக நினைக்கிறோம். ஆனால் படை இறங்கித் தங்கிய இடம் படைவீடு. முருகனின் ஆறு படைவீடுகளில் அந்தப் பொருள் இன்னும் இருக்கிறது. இன்னொரு பக்கம் அறம், பொருள், இன்பத்துக்கு அடுத்து வரும் வீடு, எல்லாவற்றையும் விட்டுப் போவது.

விக்கி பவுமின் ஆட்களுக்கு இந்தச் சொல் அளவெடுத்துத் தைத்ததுபோல இருக்கிறது. சாகப்போகிறோம் என்று தெரிந்த கிரிங்கெலைன் என்ற கணக்கர், சேர்த்த பணத்தை எடுத்துக்கொண்டு ஒருமுறையாவது வாழ்ந்து பார்க்க வருகிறார். புகழ் மங்கும் நடனக்காரி குருசின்ஸ்காயா. அவளுடைய முத்துக்களைத் திருட வந்து, அவளிடமே மனதைப் பறிகொடுக்கும் பிரபு. போரில் பாதி முகத்தை இழந்த மருத்துவர் ஒருவர் கூடத்தில் உட்கார்ந்தபடி, தனக்குக் கடிதம் வந்ததா என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார். வருவதில்லை. வாசலில் சுழல்கதவு சுற்றுகிறது, ஒருவர் உள்ளே, ஒருவர் வெளியே. ஒரே இடத்தில் பலரைச் சேர்த்து அவர்கள் கதைகளைப் பின்னும் இந்த உத்தியைப் பிறகு எத்தனையோ படங்கள் எடுத்துக்கொண்டன.

நாவல் நாடகமாகி, 1932-இல் கிரெட்டா கார்போ நடித்து ஹாலிவுட் படமானது. சிறந்த படத்துக்கான ஆஸ்கர் அதற்குத்தான்; வேறு எந்தப் பிரிவிலும் அது போட்டிக்கே தேர்வாகவில்லை. அதே ஆண்டு விக்கி பவும் அமெரிக்காவில் குடியேறினார். நாஜிகள் அவர் புத்தகங்களைத் தடை செய்தார்கள். 1938-இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார், ஆங்கிலத்தில் எழுதத் தொடங்கினார், ஹாலிவுட்டுக்குத் திரைக்கதைகளும் எழுதினார். டாரதி ஆர்ஸ்னர் 1940-இல் இயக்கிய நடனப் படம் ஒன்றின் மூலக்கதை இவருடையது. பின்னாளில் ஷாங்காய், பெர்லின் என்று இன்னும் இரண்டு நாவல்களின் தலைப்பில் ஹோட்டலைக் கொண்டுவந்தார். 1960-இல் ஹாலிவுட்டில் காலமானார்.

என்னைக் கேட்டால் அந்த முதல் தலைப்பை 'விடுதி மனிதர்கள்' என்று வைப்பேன். மாணவர் விடுதி என்று நினைத்துவிடுவார்களே என்றால், நினைக்கட்டும். ஹாஸ்டலும் அதே சொல்தானே. சாப்பாட்டுக்கு மட்டும் ஹோட்டல் அப்படியே இருக்கட்டும். தூய தமிழ் என்று சொல்லி 'விடுதியில் மசால் தோசை சாப்பிட்டேன்' என்றால், எந்த ஊருக்குப் போயிருந்தீர்கள் என்றுதான் கேட்பார்கள்.